நாலாம் நம்பர் பட்டன்

எங்க பாவடித் தெருவுல தறிச் சத்தம் நின்னு போனது ஒரு வெள்ளிக்கெழம சாயங்காலம். தறி நிக்கலைங்க. நாடா இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஓடிக்கிட்டேதான் இருந்துச்சு, பெல்ட்டு சுத்திக்கிட்டேதான் இருந்துச்சு, துணி வழக்கம்போல முழம் முழமா எறங்கிக்கிட்டேதான் இருந்துச்சு, சத்தம் மட்டும் யாரோ எடுத்து மடிச்சு பீரோவுக்குள்ள வெச்ச மாதிரி காணாமப் போச்சு.

அதுக்குக் காரணம் ஒரு சோப்பு டப்பா.

அர்த்தநாரி எனக்கு எதுத்த வீடு. ரெண்டு பேரும் தறி ஃபிட்டருங்க. பகல் பூரா தறி ரிப்பேர் பாத்துட்டு, ராத்திரி ஸ்கூல்ல ஒரே பெஞ்சுல உக்காந்து பத்தாவது பாஸ் பண்ணுனவங்க. அவன் கரண்ட்டுப் பாடத்துக்கு முழிச்சிருந்தான், நான் தமிழ்ப் பாடத்துக்கு முழிச்சிருந்தேன், மத்ததுக்கெல்லாம் ரெண்டு பேரும் தூங்குனோம். அதனாலதான் ரிமோட்டை அவன் செஞ்சான், கதைய நான் சொல்றேன்.

அவன் சம்சாரம் பாவாயி பட்டறைப் படியில வழுக்கி விழுந்து, இடுப்பெலும்பு முறிஞ்சு, ஆஸ்பத்திரியில ஆணி வெச்சு அனுப்பிச்சுக் கட்டில்ல கெடந்தா. லைட்டுப் போட ஒரு ஆளு, ஃபேன் நிறுத்த ஒரு ஆளுன்னு கூப்பிட்டுக்கிட்டே இருக்கோணும். தறிச் சத்தத்துல கூப்பிட்டா எவனுக்குக் கேக்கும்? அர்த்தநாரி, பொண்டாட்டிகிட்ட "வலிக்குதா"ன்னு ஒரு வார்த்தை கேக்கறதுக்குப் பதிலா ஈயம் பத்த வெக்கிற கம்பியக் கரண்ட்டுல சொருகுற ஆளு. ஈரோடு போயி ரெண்டு குட்டிப் போர்டு வாங்கிட்டு வந்தான். ஒண்ணு சொல்லும், ஒண்ணு கேக்கும், நடுவுல வயரே கெடையாது. கேக்குற போர்டுல நீலக் கலர்ல கற்கண்டுக் கட்டியாட்ட நாலு ரிலே. ரிலேன்னா பயப்பட வேண்டாமுங்க. சின்னக் கரண்ட்டு வந்து தட்டுனா, பெரிய கரண்ட்டுக்குக் கதவத் தொறந்து விடுற வாட்ச்மேன், அவ்வளவுதான். தொறக்கறப்ப 'டக்'குன்னு ஒரு சத்தம் போடும். அந்தப் போர்டை ஒரு பழைய டிபன் டப்பாவுல போட்டுச் செவுத்துல மாட்டுனான், சொல்ற போர்டை ரோஸ் கலர் சோப்பு டப்பாவுக்குள்ள வெச்சு, மேல நாலு பட்டன் நட்டு, பாவாயி கையில குடுத்தான்.

ஒண்ணு லைட்டு, ரெண்டு ஃபேனு, மூணு தண்ணி மோட்டார்.

"நாலாவது எதுக்குங்க?"ன்னு கேட்டா பாவாயி.

"கடையில மூணு ரிலே வெச்சது இல்லையாம். அது பாட்டுக்குக் கெடக்கட்டும்."

நாலாவது ரிலேயில இருந்து ரெண்டு வயரு எதுக்கும் போகாம சும்மா தொங்குச்சு. அதோட நுனியில கருப்பு டேப்பு சுத்தியிருந்தான்.

இங்க ஒரு சங்கதி சொல்லியாகணும். இவங்களுக்கு ஒரே பொண்ணு, பூரணி. அக்கரைச் சாயப்பட்டறையில வேலை செய்யற முருகவேலைக் கட்டிக்கிட்டு ஆத்துப் பாலத்தைத் தாண்டிப் போயிருச்சு. அவன் வேற சாதி ஆளுங்க. அர்த்தநாரி அடிக்கலை, கத்தலை. அன்னிக்குச் சாப்பாட்டுத் தட்டை நகத்தி வெச்சுட்டு, "அவ பேச்சு இனிமே இந்த வீட்டுல எங்காதுல விழக் கூடாது"ன்னான். சொன்னா சொன்னதுதான். ஒரு நட்டை முறுக்கிட்டான்னா அவனே வந்தாலும் கழட்ட முடியாத முறுக்கு.

ஆனா பாவாயி தெனம் சாயங்காலம் செவுத்தப் பாத்து உக்காந்து பொண்ணுகிட்டப் பேசிக்கிட்டுத்தான் இருந்தா. செவுத்தைப் பாக்கறது எதுக்குன்னா, தறிக்காரங்க எல்லாருக்கும் உதடு பாத்தே பேச்சுப் புரியும். அவ முதுகுக்குப் பின்னாடி அந்தச் சத்தம் ஒரு கோட்டைச் செவுரு மாதிரி நிக்கும், அதுக்குள்ள உக்காந்துக்கிட்டு "கால் வீங்குதா கண்ணு? உப்பைக் கொறச்சுக்கோ, எடது பக்கம் படு"ன்னு போனுக்குள்ள கத்துவா. பூரணிக்கு மாசம் ஏறிக்கிட்டிருந்துச்சு. மாமியார் இல்லாத வீடு, தலைப்பிரசவம், அந்தப் பிள்ளைக்கு இருந்த ஒரே தொணை சாயங்காலத்து அம்மா குரல்தான். போன் வழியா தறிச் சத்தம் கேட்டாத்தான் அம்மா வீட்டுல இருக்கற மாதிரி இருக்குதுன்னு சொல்லுமாம். இது தெருவுக்கே தெரியும். அர்த்தநாரி ஒருத்தனுக்குத்தான் தெரியாது, ஏன்னா தெருவே சேர்ந்து அவனுக்குத் தெரியாமப் பாத்துக்கிச்சு.

அந்த வெள்ளிக்கெழம பாவாயி சும்மா கெடக்கற நாலாம் நம்பரை ஒரு தடவ அமுக்கிப் பாத்தா. டக். எங்க வீட்டுல என் சம்சாரம் அத்தாயி, "ரசத்துக்குத் தாளிச்சுட்டேன் வந்து சாப்புடுங்க"ன்னு எப்பவும் போலத்தான் கத்துனா; அது பஸ் ஸ்டாண்டு வரைக்கும் கேட்டுச்சு. பால்கார வண்டி பிரேக் போட்டு நின்னுது. ஒரு கொழந்தை, தறிச் சத்தத்துல பொறந்து தறிச் சத்தத்துல தூங்கி வளந்த கொழந்தை, எந்திரிச்சு உக்காந்து வீல்னு அழுதுச்சு. பட்டறைக்குள்ள தறிக்காரங்க தறியத் தொட்டுத் தொட்டுப் பாத்தாங்க, ஓடுது, கை வெச்சா அதிருது, சத்தம் இல்லை. பாவாயி பயந்து போயி மறுபடி அமுக்குனா. டக். மொத்தச் சத்தமும் மழை கொட்டுன மாதிரி வந்து விழுந்துச்சு.

ஏன் எப்படின்னு கேட்டவங்க ரொம்பக் கம்மி. தெருவுல வயரிங் வேலை பாக்கற ஒருத்தர் வந்து, டேப்பு சுத்துன ரெண்டு வயரையும் பாத்து, டெஸ்டர் வெச்சுப் பாத்து, "இது எங்கயும் போகலையேப்பா"ன்னார்.

அர்த்தநாரி, "அதான், எங்கயும் போகாம எல்லா எடத்துக்கும் போகுதாட்ட இருக்குது"ன்னான்.

அவரும் தலைய ஆட்டிட்டு, டீ குடிச்சுட்டுப் போயிட்டார். எங்க தெருவுல மோட்டார் ஓடுதான்னு கேப்பாங்க, ஏன் ஓடுதுன்னு கேக்க மாட்டாங்க.

முன்னயும் கரண்ட்டு போனாச் சத்தம் நிக்கும். ஆனா கரண்ட்டு போனா எல்லாரும் வெளிய வந்து நின்னு மின்சார ஆபீசைத் திட்டுவாங்க, ஒருத்தரும் வீட்டுக்குள்ள இருக்க மாட்டாங்க. தறியும் ஓடோணும், வீட்டுக்குள்ளயும் இருக்கோணும், சத்தமும் இருக்கக் கூடாதுன்னா, அது எங்களுக்குப் புதுசு. அடுத்த சில நாள் ஆசை ஆசையா அமுக்கச் சொல்லிப் பாத்தோம். டம்ளர்ல டீ ஊத்தறதுக்கு ஒரு சத்தம் இருக்குதுன்னு அப்பத்தான் தெரிஞ்சுது. ஆத்துத் தண்ணிக்குச் சத்தம் இருக்குது. எங்க அத்தாயி வேலை செய்யறப்ப மெதுவாப் பாடுவாளாம், இத்தனை வருஷம் குடும்பம் நடத்தியும் எனக்குத் தெரியாது. அதே மாதிரி, ஒரு மாமியார் மருமகளப் பத்தித் தனக்குத் தானே பேசிக்கறது, ஒருத்தர் போன்ல "நான் சேலத்துல இருக்கேன்"னு வீட்டுக்குள்ள இருந்தே சொல்றது, ஒரு புருசன் மன்னிப்புக் கேக்கறது, எல்லாம் தெருவுக்கே கேட்டுச்சு. சத்தம்னா எங்களுக்குத் தொந்தரவுன்னு நெனச்சுக்கிட்டிருந்தோம். அதுதான் வீட்டுக்கு வீடு நடுச்செவுரா நின்னுருக்குது.

பட்டறையில வேற கஷ்டம். ஊடை நூல் அந்துச்சுன்னா தறிச் சத்தம் மாறும், அத வெச்சுத்தான் ஓடிப் போயி நிறுத்துவாங்க. சத்தம் இல்லாமக் காதைத் தொலைச்சுட்டு, துணியில சந்து சந்தா ஓட்டை விழுந்து, ஈரோட்டுக்குப் போன துணிப் பேலு திரும்பி வந்துச்சு. அதனால கூட்டம் போட்டாங்க.

கூட்டம் மாரியம்மன் கோயில் மரத்தடியில. தெருத் தலைவர் வையாபுரி அண்ணன், நெறையத் தறி வெச்சிருக்கறவர், அர்த்தநாரிக்கு மாலை போட்டு நடு நாற்காலியில உக்கார வெச்சுட்டார். "விஞ்ஞானி"ன்னு வேற சொன்னார். அர்த்தநாரி மாலையோட, ரிப்பேருக்கு வந்த தறி மாதிரி அசையாம உக்காந்திருந்தான்.

"சாயங்காலம் விளக்கு வெச்சதுல இருந்து சாப்பாட்டு நேரம் வரைக்கும் சத்தத்தை நிறுத்தறது"ன்னார் வையாபுரி அண்ணன். "பிள்ளைங்க படிக்கும், நாம டிவி கேக்கலாம். அந்த நேரத்துக்குப் பட்டறைக்கு ஒரு ஆளு சேத்திப் போட்டுக் கண்ணுல பாத்துக்கலாம். என்ன சொல்றீங்க?"

ஆம்பளைங்க எல்லாம் சரின்னாங்க. பொம்பளைங்க ஒருத்தரும் சரிங்கலை. அது பூரணி பேசற நேரம். ஆனா அத எப்படிச் சொல்றது? சொல்லக் கூடாத ஆளு மாலையோட நடுவுல உக்காந்திருக்கறான்.

அத்தாயி எந்திரிச்சா. "சாயங்காலம் வேண்டாமுங்க. விடியக்காலையில வெச்சுக்கலாம்."

"விடியக்காலையில எவன் டிவி பாப்பான்?"

"சத்தம் இல்லாட்டி எனக்குக் கொழம்பு ருசிக்க மாட்டேங்குதுங்கண்ணா."

"கொழம்பு வெக்கறது கையா காதா?"

இன்னொரு அம்மா, "எங்கூட்டு எருமை பால் தர மாட்டேங்குது"ன்னுது.

"உங்கூட்டுல எருமையே இல்லையே!"

"வாங்கலாம்னு இருக்கறமுங்க."

கூட்டமே சிரிச்சுது. அர்த்தநாரி மட்டும் சிரிக்காம, "பொம்பளைங்க சொல்றதுல ஏதோ காரணம் இருக்கும்"னான். எனக்குப் பக்குன்னுது. ஆனா வையாபுரி அண்ணன் கைதட்டி முடிவு பண்ணிட்டார். டப்பா யாருகிட்ட இருக்கறதுன்னு கேள்வி வந்தப்ப, எந்நேரமும் வீட்டுல இருக்கற ஒரே ஆளு பாவாயிதான்னு அதையும் அவளுக்கே குடுத்துட்டாங்க. தம் பொண்ணு குரலை அடைக்கற பட்டனைத் தெனம் தங் கையாலயே அமுக்கற வேலை, தெருவே மரியாதையாக் குடுத்தது.

அவ ஒரு நாள் ரெண்டு நாள் லேட் பண்ணிப் பாத்தா. வையாபுரி அண்ணன் வாசல்ல வந்து நிப்பார்.

"பாவாயி! விளக்கு வெச்சாச்சு!"

"இதோங்கண்ணா, பட்டன் மாட்டிக்குச்சு."

"அர்த்தநாரி செஞ்ச பட்டன் மாட்டுமா? அமுக்கு அம்மிணி, செய்தி ஆரம்பிச்சுருவான்."

டக். அப்புறம் போன் அடிக்கும். அடிக்கறது தெரு பூரா கேக்கும். ஒரு தடவ அடிச்சு நிக்கும், மறுபடி அடிக்கும். அர்த்தநாரி பக்கத்து ரூம்ல நட்டு போல்ட்டுக்கு எண்ணெ போட்டுக்கிட்டிருப்பான். பாவாயி எடுக்க மாட்டா. குசுகுசுன்னு பேசுனாக் கூட கேக்கற அமைதி அது. பகல்ல பேசலாம்னா, அந்தப் பிள்ளை நூல் கோன் சுத்தற கம்பெனியில வேலையில இருக்கும், அங்க போன் எடுக்க விட மாட்டாங்க. ஒரு வாரத்துல பாவாயி முகம் வத்திப் போச்சு. "மாசம் முழுசா ஆயிருச்சண்ணா, கால் வீக்கம் எறங்குச்சா இல்லையான்னு கூடத் தெரியல"ன்னு எங்கிட்டக் கண்ணு கலங்குனா. "உங்க கூட்டாளிகிட்டச் சொல்லிப் பாருங்களேன்." சொல்லிப் பாத்தேன். பாதியிலயே எந்திரிச்சுப் போயி முகம் கழுவுனான்.

இதுக்கு வழி கண்டுபுடிச்சது பொம்பளைங்கதான். பட்டறைக்குள்ள வாய்ல பேசி ஆகாதுன்னு, எங்க தெருவுல காலங்காலமா கைப்பேச்சு ஒண்ணு உண்டு. கட்டை விரலை வாய்க்குக் காட்டுனா டீ, மீசைய முறுக்குனா மொதலாளி வர்றார், ரெண்டு விரலைப் பிரிச்சா நூல் அந்துருச்சு. சண்டை, கிண்டல், கல்யாணப் பேச்சு வரைக்கும் கையிலயே நடக்கும். அதுல ஒரே ஒரு சட்டம். ஒருத்தர் அஞ்சு விரலையும் விரிச்சு உள்ளங்கைய உனக்குக் காட்டுனா, 'வா'ன்னு அர்த்தம். பாத்தவன் பாத்த நிமிசம் கை தூக்கணும், தூக்குனாப் போயே ஆகணும். பேச்சுவார்த்தை இல்லாத பங்காளியா இருந்தாலும் சரி, கோர்ட்டுல எதுத்து நிக்கறவனா இருந்தாலும் சரி. ஏன்னா யாரு விரலு எந்தப் பெல்ட்டுல மாட்டியிருக்குதுன்னு அந்தச் சத்தத்துல தெரியாது. கை தூக்கிட்டுப் போகாதவன்னு எங்க தெருவுல இது வரைக்கும் ஒருத்தன் கெடையாது.

இந்த அமைதி வந்ததுக்கு அப்புறம் எல்லாம் தலைகீழாப் போச்சு. ஊருக்குக் கேக்கலாங்கற பேச்சு வாயில, ரகசியமெல்லாம் கையில. அத்தாயியோட வீடியோ போன் தெனம் சாயங்காலம் காணாமப் போக ஆரம்பிச்சுது.

"என்ன புள்ள, போனைக் காணோம்?"

"சார்ஜ் ஏறுது."

"எங்க ஏறுது?"

"எதுத்த வீட்டுல."

"நம்ம வீட்டுல கரண்ட்டு இல்லையா?"

அவ என்னப் பாத்த பார்வையில எனக்கு எல்லாம் புரிஞ்சுது. வாய மூடிக்கிட்டேன்.

ஒரு நாள் சாயங்காலம் அர்த்தநாரியும் நானும் ஒரு மோட்டாரைத் தூக்கிக்கிட்டு அவன் வீட்டுக்குள்ள நுழைஞ்சோம். அமைதி நேரம். அடுத்த தெருவுல குக்கர் விசில் அடிக்கறது கேக்குது. கட்டில்ல பாவாயி எங்களுக்கு முதுகைக் காட்டி உக்காந்திருக்கறா, முன்னாடி ஒரு நூல் கோன் மேல போனைச் சாத்தி வெச்சிருக்கறா, ரெண்டு கையும் காத்துல ஓடுது. போனுக்குள்ளயும் ரெண்டு கை ஓடுது. கால் எப்படி? வீக்கம். தண்ணி குடிச்சயா? குடிச்சேன். மாப்பிள்ளை எங்க? சாயப்பட்டறையில. பயமா இருக்கா? இருக்குதுன்னுச்சு அந்தக் கை.

எங்க மோட்டாரு அப்படியே நடுவுல தொங்குது. நான் அர்த்தநாரி மூஞ்சியப் பாக்கறேன், அவன் போனைப் பாக்கறான். கத்தறதுக்கு வழி இல்லை. காதுல விழக் கூடாதுன்னான், ஒண்ணுமே காதுல விழலை. திரும்பிப் போயிருப்பானோ என்னமோ. ஆனா பூரணி அம்மா தோளுக்கு மேல அப்பனைப் பாத்துருச்சு. அந்தப் பிள்ளை 'அப்பா'ன்னு கூப்பிட்டிருந்தாத் திரும்பித்தான் போயிருப்பான். கூப்பிடலை. அஞ்சு விரலையும் விரிச்சு உள்ளங்கையக் காட்டுச்சு.

அர்த்தநாரி கை மேல போயிருச்சு. மோட்டாரோட அவன் பக்கம் 'டம்'னு கீழ விழுந்துச்சு, தரையில சில்லு பேந்துச்சு. மனசு முடிவு பண்றதுக்கு முன்னாடி கை போயிருச்சுங்க. அத அவன் வேற யாரோ கை மாதிரி அண்ணாந்து பாத்தான். பாவாயி திரும்பிப் பாத்தவ வாயில முந்தானைய வெச்சு அழுத்திக்கிட்டா.

எம் பக்கத்து மோட்டாரை எறக்கி வெச்சுட்டு நாந்தான் பேசுனேன். "என்ன பங்காளி, கை தூக்கிட்ட."

"தூக்கிட்டேன்."

"அப்பப் போகணுமே."

"போகணும்தான்."

சட்டை கூட மாத்தலை. அந்த அமைதியில எங்க பேச்சு அத்தனையும் கேட்டுட்டு, வையாபுரி அண்ணன் துணி வேனை அவரே ஓட்டிக்கிட்டு வந்தார், டிவி செய்திய விட்டுட்டு. அர்த்தநாரி முன்னாடி சீட்டுல கல்லாட்ட உக்காந்துக்கிட்டான். பாலம் தாண்டி, பூரணி வீட்டு வாசல்ல நின்னப்ப எறங்கலை, நாந்தான் போயி கூட்டிக்கிட்டு வந்தேன். ஒரு கையில பையி, ஒரு கை வயித்துல, பேலு மேல போர்வை விரிச்சு உக்கார வெச்சோம். வர்ற வழியில சாயப்பட்டறையில முருகவேலையும் ஏத்தோணும். அவன் ஓடி வந்தான், முழங்கை வரைக்கும் ரெண்டு கையும் நீலம். வேன் கதவைத் தொடலாமா வேண்டாமான்னு நின்னான்.

"மாமா, சாயம் காயலை. துணியில பட்டுருமுங்க."

அர்த்தநாரி திரும்பல. "படட்டும். ஏறு"ன்னான்.

வையாபுரி அண்ணன், தன்னோட துணிதான்னாலும், கியரைப் போட்டார்.

பாவடித் தெருவுல வேன் நுழையறப்ப இன்னும் அமைதி நேரம் முடியலை. தெருவே வாசல்ல நின்னுது. பொம்பளைங்க ஆரத்தித் தட்டோட நின்னாங்க, எப்பக் கரைச்சாங்கன்னு தெரியலை. பூரணி எறங்குச்சு. எதுத்தாப்புல அப்பன். வாசப்படி வரைக்கும் கட்டிலை இழுத்துப் போடச் சொல்லி அதுல பாவாயி.

"அப்பா"ன்னுச்சு.

அவ்வளவு அமைதியில அந்த ஒரு வார்த்தை தெருக்கோடி வரைக்கும் போயி எல்லார் காதுலயும் விழுந்துச்சு. அவன் காதுலயும் விழுந்துச்சு. அர்த்தநாரி வாயத் தொறந்தான். மூடுனான். மறுபடி தொறந்தான். ஜன்னலுக்கு ஜன்னல் காது, வாசலுக்கு வாசல் காது, ஒரு எச்சில் முழுங்குனாக் கூடக் கேக்கற எடத்துல, இத்தனை மாசமா உள்ள முறுக்கி வெச்சதை அவன் எப்படிக் கழட்டுவான்? ஆரத்தித் தட்டுல தண்ணி தளும்பறது கேக்குது. வையாபுரி அண்ணன், "பேசுடா"ன்னு மெதுவாச் சொன்னது, அதுவும் எல்லாருக்கும் கேட்டுச்சு.

அவன் கட்டிலுக்குப் போயி, பாவாயி தலைமாட்டுல இருந்து சோப்பு டப்பாவ எடுத்துக்கிட்டு வந்தான். பொண்ணு முன்னாடி நின்னு நாலாம் நம்பரை அமுக்குனான்.

டக்.

பட்டறை பட்டறையா, தெரு மொத்தமும் தறிச் சத்தம் எந்திரிச்சு நின்னுது. கூரை அதிர, கொடிக் கம்பி அதிர, நெஞ்சுக்குள்ள அதிர, எங்களுக்கும் அவங்களுக்கும் நடுவுல முழு உசரத்துக்கு நின்னுது. அதுக்கு அந்தப் பக்கத்துல அர்த்தநாரி பேச ஆரம்பிச்சான். கையும் ஆட்டலை, வாயில பேசுனான். நெறையப் பேசுனான்னு தோள்பட்டை ஆடுனதுல தெரிஞ்சுது.

என்ன பேசுனான்னு என்னக் கேக்காதீங்க. உதடு பாத்துப் படிக்கத் தெரிஞ்சவங்கதான் எங்க தெருவுல அத்தனை பேரும். ஆனா நான் வேனோட டயரைப் பாத்துக்கிட்டிருந்தேன். அத்தாயி ஆரத்தித் தட்டைப் பாத்துக்கிட்டிருந்தா. வையாபுரி அண்ணன், பேலு மேல பட்டிருந்த நீலக் கைத்தடம் ரெண்டையும், அப்பத்தான் கடையில புதுசா வந்த டிசைனை விசாரிக்கற மாதிரி, குனிஞ்சு குனிஞ்சு பாத்துக்கிட்டிருந்தார்.